அவிச்ச மாவில் ஒரு அப்பிள் பை

அப்பா அப்பிள் கோப்பையைத் தள்ளிவிட்ட அந்த விநாடியில்தான் எனக்கு அந்த யோசனை வந்தது.

மலேரியா விட்டுப் பத்து நாளாகியும் அவர் வாயில் கசப்பு விடவில்லை. கஞ்சியைக் கண்டால் முகத்தைத் திருப்பினார். சோற்றில் நாலு பருக்கை எடுத்து வாயில் போட்டுவிட்டுக் கை கழுவினார். வேட்டி இடுப்பில் நிற்காமல் வழுகியது. பார்க்க வந்த டொக்டர், "மருந்து தன்ரை வேலையைச் செய்து முடிச்சிட்டுது. இனிச் சாப்பாடுதான் மருந்து. அவருக்கு எதிலை ஆசையோ அதைக் குடுங்கோ" என்று சொல்லிவிட்டுச் சைக்கிளில் ஏறிப் போய்விட்டார். பொருளாதாரத் தடைக்குள் இருந்த யாழ்ப்பாணத்தில் ஆசைப்பட்டதைக் கொடுப்பது எப்படி என்று அவர் சொல்லவில்லை.

பிறகு அம்மாவின் தம்பி கொழும்பிலிருந்து வந்தார். கிளாலிக் கடலேரியைப் படகில் கடக்கும்போது மூன்று அப்பிள்களைச் சாரத்தில் சுற்றி மடியிலேயே வைத்திருந்தாராம். எங்கள் ஊரில் அப்பிள் பழமே அல்ல, ஏறக்குறைய மருந்து. நோயாளியைப் பார்க்கப் போகிறவர்கள்தான் அதைக் கொண்டுபோவார்கள். எனக்கு அதுவரை பெரிய நோய் வருத்தம் எதுவும் வராதபடியால் நான் அதைச் சாப்பிட்டதும் இல்லை. அம்மா ஒன்றைத் தோல் சீவி, மெல்லிய துண்டுகளாக நறுக்கி நீட்டினார். அப்பா ஒரு துண்டை மட்டும் மென்றார்.

"இதுவும் கைக்குது. பிள்ளையளுக்குக் குடும்."

கோப்பை தள்ளப்பட்டது. யோசனை வந்தது.

அப்பா மிஷன் பள்ளிக்கூட விடுதியில் தங்கிப் படித்தவர். அந்தக் காலத்துக் கதைகளில் அவர் அடிக்கடி சொல்வது, அதிபரின் அமெரிக்க மனைவி சனிக்கிழமைகளில் சுடுகிற அப்பிள் பை. அடியில் மா, நடுவில் அப்பிள், மேலேயும் மா. மேல் மா ஓலைப்பெட்டி மாதிரிப் பின்னியிருக்குமாம். பின்னலின் ஓட்டைகளால் ஆவி எழும்புமாம். கறுவாப்பட்டை வாசம் விளையாட்டு மைதானம் வரை வருமாம். "பந்தடிக்கிற பெடியள் எல்லாம் அப்பிடியே நிண்டிடுவம்" என்பார். அப்படியென்றால் அவருக்கு ஆசை எதில்? டொக்டருக்கே தெரியாத விடை என் கையில் இருந்தது. எனக்குப் பதினொரு வயது.

செய்முறையும் கைவசம் இருந்தது. அம்மா பள்ளிக்கூடத்தில் எழுதிய மனையியல் கொப்பியின் பின்பக்கத்தில், உருண்டை உருண்டையான எழுத்தில் எல்லாமே இருந்தன. கோதுமை மாவில் நெய்யை விரல் நுனியால் பிசிற வேண்டும். கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீர் விட வேண்டும். உருட்டி, தட்டையாக்கி, சுட வேண்டும். இவ்வளவுதானே!

மறுநாள் அம்மா கூட்டுறவுச் சங்கக்கடை வரிசைக்குப் போனதும் நான் அண்ணையைப் பிடித்தேன்.

"எடியேய், உனக்குத் தேத்தண்ணியே வைக்கத் தெரியாது."

"நீ தணலை மட்டும் பார். மிச்சத்தை நான் பாக்கிறன்."

"பாக்கிறன். ஆனாப் பிழைச்சுதெண்டால் நான் இஞ்சாலைப் பக்கமே வரேல்லை, சொல்லிப்போட்டன்."

மிஞ்சியிருந்த இரண்டு அப்பிள்களையும் நறுக்கினேன். இதில் பின்வாங்க வழி கிடையாது. நறுக்கிய அப்பிளை யாரும் ஒட்ட முடியாது. கடலேரிக்கு இந்தப் பக்கம் வேறு அப்பிள் இருந்ததாகவும் எனக்குத் தெரியாது. சீனி இல்லை, பனங்கட்டியைச் சுரண்டிப் போட்டேன். கறுவா இடித்துப் போட்டேன். நெய்யைச் சுவாமி அறையிலிருந்து எடுத்தேன், கடவுளுக்கும் அப்பாவைப் பற்றிக் கவலை இருக்கும் என்ற நம்பிக்கையில். பிறகு மா டின்னைத் திறந்தேன்.

மா பிடிபட மறுத்தது. தண்ணீர் விட்டேன், உதிர்ந்தது. இன்னும் விட்டேன், கட்டி கட்டியாகத் திரண்டது. பலகையில் வைத்துப் போத்தலால் உருட்டினால் கோடை வயல் மாதிரி வெடித்துப் பிளந்தது. கொப்பியை மறுபடி வாசித்தேன். ஒரு சொல்லும் பிழையில்லை. பக்கத்தில் அப்பிள் துண்டுகள் மெல்ல மெல்லக் கறுத்துக்கொண்டிருந்தன.

அண்ணை எட்டிப் பார்த்தான். "உது பையில்லையடி, பிட்டு. ரெண்டு பிடி தேங்காய்ப்பூவும் போட்டியெண்டால் குழலுக்குள்ளை வைக்கலாம்."

நான் அழத் தொடங்கிய நேரத்தில் வெறும் சாமான் பையோடு அம்மா திரும்பி வந்தார். அண்ணை கொல்லைப் பக்கம் மறைந்தான். அம்மா அப்பிளைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"கொப்பருக்கெண்டு மாமா மடியிலை வைச்சுக் கொண்டந்தது, பிள்ளை."

"அப்பாவுக்குத்தான் அம்மா. பை. உங்கடை கொப்பியிலை இருக்கு. ஆனா மா ஒட்டுதில்லை."

அம்மா ஒரு சிட்டிகை மாவை விரலால் தேய்த்தார். "இது அவிச்ச மாவெல்லோ? அவிச்ச மா எங்கையாவது ஒட்டுமே?"

எங்கள் வீடுகளில் கோதுமை மா வந்ததும் வராததுமாகத் துணியில் கட்டி நீராவியில் அவித்து, அரித்து, டின்னில் போட்டுவிடுவார்கள். பிட்டுக்கும் இடியப்பத்துக்கும் அதுதான் வேண்டும். புழுவும் வராது, மாதக்கணக்கில் கிடக்கும். ஆனால் ஒட்டும் தன்மை எல்லாம் அந்த ஆவியோடு போய்விடும். மாவைச் சமைப்பதற்கு முன்பே சமைத்துவைக்கும் ஓர் ஊர் உண்டு என்று அந்தச் செய்முறையை எழுதியவருக்குத் தெரிந்திருக்காது. அவிக்காத மா என்று ஒன்று உண்டென்று எனக்கும் உறைக்கவில்லை.

அடி விழும் என்று காத்திருந்தேன். அம்மாவின் கண் கொப்பியில் நின்றது.

"இதுக்கு ரீச்சர் பத்துக்குப் பத்துப் போட்டவ. செய்து பாக்க அப்பிளை ஆர் கண்டது?" கூந்தலை முடிந்துகொண்டார். "மூடேலாட்டித் தூவுவம். கொண்டா தாச்சியை."

தாச்சியில் அப்பிளைப் பரப்பி, பிட்டு மாதிரி உதிர்ந்த மாவை அதன் மேல் தூவினோம். தகரத்தால் மூடி, கீழேயும் மேலேயும் சிரட்டைத் தணல் போட்டோம். அண்ணை தானாகத் திரும்பி வந்து விசிறினான். கொஞ்ச நேரத்தில் கறுவாவும் பனங்கட்டியும் சேர்ந்து ஒரு வாசம் கிளம்பியது.

அறைக்குள்ளிருந்து குரல் வந்தது. "இஞ்சரும், என்ன மணக்குது?"

இத்தனை நாளில் அடுப்படியைப் பற்றி அவர் கேட்ட முதல் கேள்வி அது. பதிலுக்குக் காத்திராமல் சுவரைப் பிடித்துப் பிடித்து அவரே வந்து பலகையில் இருந்தார். அடி கொஞ்சம் கருகியிருந்தது. கரண்டியால் அள்ளி வைத்தேன். ஒரு வாய். இன்னொரு வாய். மூன்றாவதுக்கு அவரே தாச்சியை இழுத்தார்.

"எப்பிடி அப்பா? அங்கை சாப்பிட்டது மாதிரியோ?"

அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா சாம்பலைத் தள்ளுவதில் மும்முரமானார்.

"அதேதான்" என்றார் அப்பா. "அச்சொட்டா அதேதான்."

மத்தியானம் சோறு கேட்டார். எனக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. அவருடைய கதையில் பின்னல் இருந்தது, ஆவி இருந்தது, மைதானத்தில் நின்றுவிட்ட பையன்கள் இருந்தார்கள்; அவர் ஒரு துண்டைக் கடிப்பது மட்டும் எங்கேயும் இருந்ததில்லை. அம்மாவுக்கு அது தெரிந்திருந்தது. நான் கவனிக்கப் பல வருடம் ஆனது.

அப்போது எனக்கிருந்த ஒரே குறை, மூடி. அடுத்த முறை மா வந்தபோது அம்மா இரண்டு பிடியை அவிக்காமல் போத்தலில் போட்டுத் தந்தார். 'அவிக்க வேண்டாம்' என்று எழுதி ஒட்டினேன். அப்பிளுக்கு வழியில்லை. ஆனால் வளவுக்குள் கறுத்தக்கொழும்பான் மாமரம் காய்த்திருந்தது.

"மாங்காயிலையும் பையோ?" என்றான் அண்ணை.

"செங்காயாகட்டும், பார்."

அப்பா மரத்தடியில் கதிரையைப் போட்டு, குருத்தோலையைக் கீலம் கீலமாகக் கிழித்து மேல்மூடிக்குப் பின்னல் பழக்கினார். ஒன்று மேலே, ஒன்று கீழே, ஓரத்தில் மட்டும் ஒரு மடிப்பு. அந்த மடிப்புக்கூட அவருக்கு மறக்கவில்லை. நான் பின்னிக்கொண்டே அண்ணாந்து காய்களைப் பார்த்தேன். இன்னும் மூன்று கிழமை.