தடியன் கடைசி வளைவுக்கு வரட்டும்

தடியனை ஜெயிக்காமல் இந்தக் கட்டிலை விட்டு எழுந்திருக்க மாட்டேன் என்று ஆபரேட்டர் சொன்னபோது அது வெறும் விளையாட்டுப் பேச்சாகத்தான் இருந்தது. சொன்னவரும் சிரித்தார், கேட்ட மனைவியும் சிரித்தாள். மாதக்கணக்கில் அதே கட்டிலில், அதே தலையணையில், அதே செல்போனோடு அவர் கிடக்க ஆரம்பித்த பிறகு அந்தச் சிரிப்பு எங்கே போனதென்று யாருக்கும் தெரியவில்லை.

தடியன் என்பது அவர் வைத்த பெயர். அவர் செல்போனில் ஆடும் விளையாட்டில் அவனுக்கு வாயில் நுழையாத வேறு ஏதோ பெயர். ஒரு கோட்டை. அதன் வாசலுக்குக் காட்டிலிருந்து வளைந்து வளைந்து வரும் ஒரு பாதை. அந்தப் பாதையில் எதிரிகள் கூட்டம் கூட்டமாக வருவார்கள். அவர்கள் வாசலைத் தொடுவதற்குள் நாம் பாதையோரம் கோபுரங்கள் கட்டி அவர்களைச் சாய்க்க வேண்டும். அம்பு விடும் கோபுரம், குண்டு போடும் பீரங்கிக் கோபுரம், பனியை ஊதி நடையைத் தளர்த்தும் கோபுரம் என்று விதவிதமாக உண்டு. சில்லறை ஆட்கள் விழுந்தால் பொற்காசு கிடைக்கும், அதைக் கொண்டு இன்னும் கட்டலாம். கடைசியில், திரையே அதிர, தோளில் உலக்கையோடு தடியன் இறங்குவான்.

அவனை அடிக்க அடிக்கக் கோபம் ஏறும். முகம் சிவக்கும், நடை ஓட்டமாகும். ஒரு கத்து கத்தினால் பக்கத்துக் கோபுரங்கள் எல்லாம் வாயடைத்துப் போகும். போதாக்குறைக்குக் கூடவே சில எடுபிடிகள் வருவார்கள். எஜமான் உடம்பில் கீறல் விழுந்தால் போதும், ஓடிவந்து மருந்து தடவுவார்கள். முளையிலேயே கிள்ளி எறிய வேண்டும் என்பது ஆபரேட்டரின் கொள்கை. முதல் வளைவிலேயே இருக்கிற காசையெல்லாம் கொட்டிப் பீரங்கிகளை நிறுத்துவார். தடியன் அத்தனை குண்டையும் வாங்கிக்கொண்டு, தக்காளிப்பழமாகச் சிவந்து, தலைதெறிக்க ஓடிவந்து கோட்டை வாசலை உடைப்பான். ஒவ்வொரு முறையும் இதுதான் நடந்தது. அவரும் ஒவ்வொரு முறையும் இன்னும் ஒரு பீரங்கி சேர்த்துப் பார்த்தார்.

உண்மையில் அவரைக் கட்டிலில் போட்டது தடியன் அல்ல. அவர் டவர் கிரேன் ஓட்டுகிறவர். கட்டுமான இடத்தில் வானத்தை முட்டிக்கொண்டு நிற்குமே, அதன் உச்சியில் ஒரு கண்ணாடிக் கூண்டு, அதுதான் அவர் ஆபீஸ். கீழே நின்று கையசைத்தும் வாக்கிடாக்கியில் சொல்லியும் அவருக்கு வழிகாட்டியவர் ஒரு சிக்னல்காரர். ஒருநாள் சுமையைக் கட்டித் தூக்கிய பட்டை அறுந்து கம்பிக்கட்டு கீழே விழுந்தது. சிக்னல்காரர் அந்த நேரம் பார்த்துக் கழன்று விழுந்த கையுறையை எடுக்க நகர்ந்திருந்தார். அவர் நின்ற இடத்தில் கம்பி குத்திட்டு நின்றது. யாருக்கும் ஒரு சிராய்ப்பு கூட இல்லை. பட்டைதான் நைந்திருந்தது, ஆபரேட்டர் மேல் தப்பில்லை என்று விசாரித்தவர்கள் எழுதிக் கொடுத்தார்கள். ஆனால் அன்று ஏணியில் இறங்கியவர் பிறகு ஏறவே இல்லை. சிக்னல்காரர் போன் செய்தால் எடுப்பதும் இல்லை. இந்த மாதக் கடைசிக்குள் வந்து ஏறினால் கூண்டு உன்னுடையது, இல்லாவிட்டால் வேறு ஆள் போட்டுவிடுவோம் என்று மேலாளர் சொல்லி அனுப்பியிருந்தார். அந்தக் கூண்டைத் தவிர அவருக்கு வேறு வேலை தெரியாது.

இவ்வளவுக்கும் அவர் மனைவி ஒரு வார்த்தை கேட்கவில்லை. இதுதான் அவரை உள்ளுக்குள் அறுத்தது. திட்டினால் திருப்பித் திட்டலாம், அழுதால் எரிந்து விழலாம். அவள் இரண்டும் செய்யாமல் சாப்பாடு வைத்துவிட்டு வேலைக்குப் போனாள். புத்தி சொல்லியே தீருவது என்று கிளம்பி வந்த அவருடைய அண்ணனைக் கூட முன்னறையிலேயே உட்கார வைத்து, டீ கொடுத்து, தன் பல்வலியைப் பற்றிப் பேச ஆரம்பித்தாள். அண்ணனின் பஸ் நேரம் வரும்வரை அந்தப் பல்வலி ஓயவில்லை. 'பாவம்ப்பா நீ' என்று உச்சுக்கொட்ட வந்த பக்கத்து வீட்டுக்காரரும் வாசலோடு போனார். எவன் எக்கேடு கெட்டால் இவளுக்கென்ன என்று ஆபரேட்டர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார்.

அவளுக்கு மறதியும் அதிகமாகிவிட்டது. ஒருநாள் குடையை மறந்தாள். தெருவில் நின்று போன் செய்ததால் அவர் மாடிப்படி இறங்கிக் கொண்டுபோய்க் கொடுத்தார். இன்னொரு நாள் பர்ஸ். அதற்கு பஸ் நிறுத்தம் வரை போக வேண்டியிருந்தது. அப்புறம் மூக்குக்கண்ணாடியையே மறந்தாள். அது இல்லாமல் அவளுக்கு ஒரு எழுத்தும் தெரியாது என்பதால், முணுமுணுத்துக்கொண்டே ஆஸ்பத்திரி வரைக்கும் போனார்.

அவள் அங்கே புறநோயாளிகள் கூடத்தில் டோக்கன் கொடுப்பவள். எல்லாருக்கும் டோக்கன் அம்மா. அந்த நாற்காலியில் முன்பெல்லாம் யாரும் நிலைத்ததில்லை. வலியோடும் பயத்தோடும் வருகிற கூட்டம், வாய் கூசாமல் பேசும். துப்புரவு வேலையில் இருந்தவளை, ஆள் கிடைக்கும்வரை உட்கார் என்று சொல்லி உட்கார வைத்தார்கள். உட்கார்ந்தவள் உட்கார்ந்ததுதான். வந்த வாரமே நேர்க்கோடாக இருந்த வரிசைக் கயிற்றை மாற்றி, கம்பங்களை நகர்த்தி, பாம்பு போல வளைத்து வளைத்துக் கட்டினாள். ஏன் என்று யாரும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை.

ஆபரேட்டர் மூக்குக்கண்ணாடிக் கூட்டைக் கையில் வைத்துக்கொண்டு தூணோரம் நின்றபோது ஓர் ஆள் இடி மாதிரி நுழைந்தான். "எவ்வளவு நேரம்யா? இங்க மனுஷங்கதான் இருக்கீங்களா?" என்று கத்தினான். கூட வந்தவர்களும் ஆளுக்கொரு பக்கம் குரல் கொடுத்தார்கள். அவள் தலையைக் கூட நிமிர்த்தவில்லை.

"அண்ணே, நீங்க போய்ப் பழைய சீட்டை எடுத்துட்டு வாங்க. அக்கா, நீங்க அந்த ஃபேன் கீழ உக்காருங்க, வேர்த்துக் கொட்டுது. தம்பி, பாட்டில்ல தண்ணி பிடிச்சிட்டு வாப்பா."

கூட்டம் கலைந்துவிட்டது. கத்தினவன் மட்டும் கயிற்றுக்குள் தனியாக நின்றான். ஏற்றிவிட ஆள் இல்லை. அந்தக் கோடி வரை நடந்து, திரும்பி, இந்தக் கோடி வரை நடந்து, மறுபடி திரும்பினான். இதற்கிடையில் அவள் ஒரு கண்ணால் அவனையும் மறு கண்ணால் உள்ளறையையும் பார்த்தபடி, யாரையோ கூப்பிட்டு எதையோ எடுத்துவரச் சொன்னாள். அவன் ஜன்னலுக்கு வந்து சேர்ந்தபோதுதான் முகத்துக்கு நேராகப் பார்த்தாள்.

"என்னாச்சுங்க உங்களுக்கு?"

"என் பொண்ணோட ரிப்போர்ட்டும்மா," என்றான் அவன். குரல் உடைந்துவிட்டது. "பயமா இருக்கும்மா."

மறு நிமிஷம் ரிப்போர்ட் அவன் கையில் இருந்தது, நர்ஸ் பக்கத்தில் நின்றாள், டாக்டரின் கதவு திறந்தது. எல்லாம் ஒரே சமயத்தில். இத்தனை வருஷம் ஒரே வீட்டில் குடித்தனம் நடத்திய மனுஷி என்ன வேலை செய்கிறாள் என்று ஆபரேட்டர் அன்றுதான் பார்த்தார். கண்ணாடியைக் கொடுத்துவிட்டுத் திரும்பி வந்தார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், தடியனிடம் வழக்கம்போல் தோற்றுப்போய் செல்போனைத் தலையணையில் எறிந்தார். கட்டிலோரம் உட்கார்ந்து பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்த மனைவி எட்டிப் பார்த்தாள்.

"ஏங்க, வந்ததும் வராததுமா அவனை எதுக்கு அடிக்கறீங்க?"

"அடிக்காம, ஆரத்தி எடுக்கச் சொல்றியா?"

"அவன் பாட்டுக்கு வரட்டும். நான் ஒரு தடவை பாக்கட்டுமா?"

ஆபரேட்டர் ஏளனமாகத்தான் கொடுத்தார். அவள் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு வாங்கினாள். எந்தக் கோபுரம் எதற்கு என்று கேட்டுத் தெரிந்துகொண்டாள். முதல் வளைவில் ஒரு பீரங்கி கூட வைக்கவில்லை. பாதை நெடுகப் பனிக் கோபுரங்களும், அங்கங்கே ஓர் அம்புக் கோபுரமும் மட்டும் வைத்தாள். அம்புகளுக்கு, எடுபிடிகளை மட்டும் குறிவை, பெரியவனைத் தொடாதே என்று உத்தரவு போட்டாள். விளையாட்டில் அப்படி ஒரு வசதி இருப்பதே ஆபரேட்டருக்குத் தெரியாது.

தடியன் இறங்கினான். அம்புகள் அவன் தோளுக்கு மேலே பறந்து ஒவ்வோர் எடுபிடியாகச் சாய்த்தன. அடி விழாததால் முகம் சிவக்கவில்லை. பனியில் கால் தளர்ந்து, சந்தையில் வழிதவறினவன் மாதிரி நடந்தான். காசு குவிந்துகொண்டே போனது. அவள் அதைத் தொடவே இல்லை.

"பீரங்கி வை! ஐயோ, வாசல்கிட்ட வந்துட்டான், வை!" என்று பதறினார் ஆபரேட்டர். அவர் விரல் தானாகத் திரையை நோக்கிப் போனது.

அவள் அவர் கையை மெதுவாக விலக்கினாள். "பொறுங்க. கடைசி வளைவுக்கு வரட்டும்."

தடியன் நின்று கத்தினான். பக்கத்தில் வாயடைத்துப் போகப் பெரிதாக எதுவும் இல்லை. கத்தியது வீணாகிப் போனது. கடைசி வளைவில் அவன் கால் வைத்ததும் அவள் குவித்த காசையெல்லாம் ஒரே மூச்சில் இறைத்தாள். இடமும் வலமும் பீரங்கிகள் முளைத்தன. கோபம் ஏற அவனுக்கு நேரமே கிடைக்கவில்லை. அத்தனையும் சேர்ந்து வெடித்தன.

தடியன் சாகவில்லை. வாசலுக்கு முன்னால் தொப்பென்று உட்கார்ந்தான். உலக்கையைப் பக்கத்தில் வைத்தான். பிறகு இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு குழந்தை மாதிரி அழுதான். கோட்டைக்குள்ளிருந்து யாரோ வந்து அவனுக்கு ஒரு குவளை தண்ணீர் கொடுத்தார்கள். அவனுக்கு இப்படி ஒரு முடிவு வைத்திருப்பார்கள் என்று ஆபரேட்டர் கனவிலும் நினைத்ததில்லை. வாயைத் திறந்தபடி மனைவியைப் பார்த்தார். அவளோ செல்போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு விட்ட இடத்திலிருந்து பீன்ஸ் நறுக்க ஆரம்பித்தாள்.

'ஜெயிச்சாச்சே, எந்திரிங்க' என்று சொல்வாள் என்று காத்திருந்தார். அந்தப் பழைய சபதத்தைப் பற்றி அவள் மூச்சு விடவில்லை. மாதம் முடிய இன்னும் இரண்டு நாள்தான் இருந்தது.

மறுநாள் காலையில் அழைப்பு மணி அடித்தது. கதவைத் திறந்த ஆபரேட்டர் அப்படியே நின்றுவிட்டார். சிக்னல்காரர். ஒரு கையில் ஆபரேட்டரின் மஞ்சள் ஹெல்மெட், மறுகையில் அந்தப் பழைய கையுறை.

"அண்ணே, கீழ வண்டி ஸ்டார்ட்லயே இருக்கு," என்றார். "புதுப் பட்டை போட்டாச்சு. ஒவ்வொண்ணையும் நானே இழுத்துப் பாத்துட்டேன். நீங்க மேல இருந்தாத்தான் நான் கீழ நிப்பேன். வேற ஒருத்தனை நம்பி நிக்க மாட்டேன்."

ஆபரேட்டர் பின்வாங்கித் திரும்பினார். திரும்பிய இடத்தில் அவருடைய கனத்த பூட்ஸ் துடைத்து வைக்கப்பட்டிருந்தது. அதன் பக்கத்தில் கட்டிய சாப்பாட்டு டப்பா. மேஜையில் செல்போன் மணி அடித்தது, திரையில் மேலாளரின் எண். நடையில், வேலைக்குக் கிளம்பி, கையில் குடை, பர்ஸ், மூக்குக்கண்ணாடி என்று ஒன்றையும் மறக்காமல் நின்றுகொண்டிருந்தாள் டோக்கன் அம்மா.

ஆபரேட்டர் அவள் கையிலிருந்த குடையைப் பார்த்தார். பர்ஸைப் பார்த்தார். மாடிப்படி, பஸ் நிறுத்தம், ஆஸ்பத்திரி என்று தான் நடந்த தூரம் கொஞ்சம் கொஞ்சமாக நீண்டது நினைவுக்கு வந்தது. அண்ணன் வந்த அன்றைக்கு மட்டும் வந்துபோன பல்வலியும் நினைவுக்கு வந்தது. இத்தனை மாதத்தில் தன் மேல் ஒரு குண்டு கூட விழவில்லை என்பதும்தான். மலையைப் பார்ப்பது போல அவளை அண்ணாந்து பார்க்கத் தோன்றியது. ஆனால் அவள் அவரைவிடக் குள்ளம்.

"கடைசி வளைவா?" என்று கேட்டார்.

"எனக்குத் தெரிஞ்சது அது ஒண்ணுதாங்க," என்றாள் அவள்.

ஆபரேட்டர் வாசற்படியில் உட்கார்ந்தார். ஒரு பூட்ஸை எடுத்து மாட்டினார். கயிற்றைக் கட்டக் குனிந்தவர், இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். சிக்னல்காரர் வேறு பக்கம் பார்த்தார்.

டோக்கன் அம்மா உள்ளே போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள்.