கைப்பிடிக் கணுவில் ஒரு சொட்டுச் சுண்ணாம்பு

என் குடைக்கு இரண்டு முறை துணி மாற்றியாயிற்று. கம்பிகளில் மூன்று புதியவை. பழையது என்று மிஞ்சியிருப்பது அந்தப் பிரம்புக் கைப்பிடி மட்டும்தான். அதன் கணுவில், மிளகு அளவுக்கு ஒரு சொட்டுச் சுண்ணாம்பு ஒட்டிக்கொண்டிருக்கிறது. "ஆபீசுக்குப் போகிற மனுஷன் இதைக்கூடச் சுரண்டிப் போடக் கூடாதா?" என்று என் மனைவி வருஷத்துக்கு ஒரு முறையாவது ஊசியை எடுத்துக்கொண்டு வருவாள். நான் குடையைப் பிடுங்கிக்கொள்வேன். காரணம் கேட்டால் சிடுசிடுப்பேன். அந்தச் சொட்டு விழுந்த கதையில் பாதியைத்தான் அவளிடம் சொல்லியிருந்தேன். மீதிப் பாதியைச் சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது.

யுத்தத்துக்கு முந்தி, பாறைக் கல்வெட்டுகளைப் படியெடுக்கும் சர்க்கார் இலாகாவில் எனக்குத் தற்காலிக வேலை கிடைத்திருந்தது. மலை மலையாகப் போய், எங்கே பழைய எழுத்து இருக்கிறது என்று பார்த்து, பென்சிலால் வரைந்து எழுதி அனுப்ப வேண்டும். மையும் காகிதமும் காமிராவும் பின்னால் எங்கள் மேலதிகாரி சூப்பிரண்டோடு வரும். அவர் தன் கண்ணால் பார்த்துச் 'சரி' என்று எழுதினால்தான் அது கல்வெட்டு. அதுவரை வெறும் கீறல். எனக்கு முன்னால் இருந்தவன் பாறை வெடிப்பையெல்லாம் எழுத்து என்று அனுப்பிவைத்து அவரை வெயிலில் அலையவிட்டிருந்தான். அதனால் எங்கள் பென்சில் படங்களைக் கண்டாலே அவர் மூக்கைச் சுளிப்பார்.

நாகமலைக்கு மேற்கே, கடலைக்காட்டு நடுவில் தனியாகக் கிடந்த ஒரு பாறைக்குன்றில் அந்தக் குகையைக் கண்டேன். குகை என்றால் பெரிய சுரங்கம் ஒன்றுமில்லை. குன்றின் மேற்குக் கோடியில், தெற்குப் பார்த்து, யானை குனிந்து நிற்பதுபோல் முன்னால் துருத்திய ஒரு பாறை, அதன் அடியில் பத்துப் பேர் ஒதுங்கலாம். தரையில் வழவழவென்று செதுக்கிய ஏழு கல்படுக்கைகள், தலைமாட்டில் தலையணை மாதிரி மேடு. ஊரார் பஞ்சபாண்டவர் படுக்கை என்பார்கள். பாண்டவர் ஐந்து பேர்தானே, ஏழு படுக்கை எதற்கு என்று கேட்டால், "ஒண்ணு பாஞ்சாலிக்கு, ஒண்ணு குந்திக்கு" என்று பதில் தயாராக இருக்கும். மழைக்காலத்தில் ஊர் சுற்றாமல் ஒரே இடத்தில் தங்கிய சமண முனிவர்களுக்காக யாரோ வெட்டிக் கொடுத்தவை அவை. படுக்கைகளுக்கு மேலே, ஆள் உயரத்தில், பாறைச்சுவரில் ஒரே ஒரு வரி எழுத்து இருந்தது. காலை வெயில் சாய்வாக விழும்போது மட்டும் தெரியும். முதன்முதலாக அதை விரலால் தடவிப் பார்த்தபோது எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது.

குன்றின் கிழக்குப் பக்கத்தில் ஒரு காண்டிராக்டர் ரோட்டுச் சல்லிக்காக வேட்டு வைத்துக்கொண்டிருந்தார். ஒவ்வொரு வேட்டுக்கும் குகைக் கூரையிலிருந்து மண் உதிரும். மேற்குப் பக்கத்தையும் தனக்கே விடும்படி அவர் எழுதிப் போட்டிருந்தார். பழைய எழுத்து இருப்பது உறுதியானால் அந்தப் பக்கத்தைத் தொடக்கூடாது என்று கலெக்டர் கச்சேரியிலிருந்து கடிதம் வந்திருந்தது. இல்லையென்றால் அடுத்த மாதமே குகை சல்லியாகிவிடும். சூப்பிரண்டு ஒரே ஒரு காலைப்பொழுது வருவதாகவும், அன்றே திருநெல்வேலிப் பக்கம் போய்விடுவதாகவும் எழுதியிருந்தார்.

அந்த ஊரில் எனக்கு ஒத்தாசையாக இருந்தவர் சுண்ணாம்பு அண்ணன். ஊரெல்லை ஓடையருகே காளவாசல் போட்டுச் சுண்ணாம்பு சுடுபவர். சுற்று வட்டாரத்தில் எந்த வீட்டுக்கு வெள்ளையடிப்பதானாலும் அவர்தான். புருவத்திலும் காது மடலிலும் எப்போதும் வெள்ளைத் துகள் இருக்கும். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். குகையின் மேல் ஊரில் எல்லோருக்கும் ஒரு பிரியம் என்றால் அவருக்கு மட்டும் அது உயிர். ஏழெட்டு வருஷத்துக்கு முன் காலரா வந்தபோது ஊரைக் காலி செய்துகொண்டு நாலைந்து குடும்பங்கள் அந்தப் பாறைக்கடியில்தான் ஒரு மாதம் கிடந்தன. அவருடைய மூத்த பிள்ளைகள் இரண்டும் ஊரிலேயே அதற்குப் பலியாகிவிட்டன. மூன்றாவதாக ஒரு பெண், குகையில், மூன்றாம் படுக்கையில் பிறந்தது. அதற்கு மலையம்மா என்று பெயர் வைத்தார்.

"அந்தக் கல்லுதான்யா எம்புள்ளைக்குத் தொட்டி" என்பார். "பாண்டவரு படுத்தாகளோ, நீங்க சொல்ற சாமியாருக படுத்தாகளோ, எனக்குத் தெரியாது. எம்பொண்டாட்டி படுத்தா. அது மட்டும் தெரியும்."

அந்தக் குகையில் எழுத்து மட்டும்தான் சரித்திரம் என்று நான் நினைத்திருந்தது எவ்வளவு மடத்தனம்! கூரையில் அடுப்புக் கரி எத்தனையோ தலைமுறையாக அப்பியிருந்தது. ஐந்தாம் படுக்கையில் ஆடுபுலி ஆட்டக் கட்டம் கீறியிருந்தது. வாசலில் நெல் குத்திய குழி. மழைக்கு ஒதுங்கிய ஆடுகள் உரசி உரசி ஒரு மூலை எண்ணெய் தேய்த்தாற்போல் மின்னியது. முனிவர்கள் போன பிறகு பாறை ஒருநாளும் சும்மா இருந்ததில்லை. என்னுடைய அறிக்கைப் படிவத்தில் இதற்கெல்லாம் கட்டம் கிடையாது.

சூப்பிரண்டு வருவதற்கு இரண்டு நாள் முன்னால் ஊர்ச் சாவடியில் நின்று சுண்ணாம்பு அண்ணனிடம் சொன்னேன்: "அண்ணே, நாளன்னிக்குப் பெரிய அதிகாரி வர்றாரு. கலெக்டரே அவரு பேச்சைத்தான் கேப்பாரு. ஆட்டுப்புழுக்கையெல்லாம் கூட்டிக் குகையைச் சுத்தமா வச்சிருங்க." கலெக்டர் பெயரை இழுத்தது என் வாய்க்கொழுப்பு. இளவயசு, கொஞ்சம் பெரிய மனுஷத் தோரணை காட்டிப் பார்த்தேன். அன்று மதுரைக்குத் திரும்பும் அவசரத்தில் குடையைக் குகையிலேயே விட்டுவிட்டேன்.

மறுநாள் உச்சிப்பொழுதில் குதிரைவண்டியை விட்டு இறங்குகிறேன். எதிரே என் குடையை மார்போடு அணைத்தபடி சுண்ணாம்பு அண்ணன் ஓடிவருகிறார். முகமெல்லாம் சிரிப்பு.

"குடைய மறந்துட்டுப் போயிட்டீகளே! ஓரமாத்தான் வச்சேன், இருந்தும் கைப்பிடில ஒரு சொட்டு விழுந்துபோச்சு. கோவிச்சுக்கிராதீக."

"என்ன சொட்டு?"

"வாங்க, வந்து பாருங்க. அம்புட்டும் கிளிஞ்சல் சுண்ணாம்பு. ரெண்டு பூச்சு! விடியக்காலம் தொடங்கி இப்பத்தான் முடிச்சேன்."

குன்றைப் பார்த்தேன். கடலைக்காட்டுக்கு நடுவே பாறையின் நெற்றி பளபளவென்று வெள்ளையாக நின்றது. அதன் மேல் காவிப் பட்டை வேறு. ஓடிப்போய்ப் பார்த்தால், சுவர், கூரை, படுக்கை, தலையணை எல்லாம் கல்யாண வீடு மாதிரி வெள்ளை. என் எழுத்து இருந்த இடம் எது என்றே அடையாளம் தெரியவில்லை.

"என்ன காரியம் செஞ்சு வச்சிருக்கீங்கண்ணே! என் தலையிலே மண்ணை அள்ளிப் போட்டுட்டீங்களே!" என்று கத்தினேன். இன்னும் என்னென்னவோ சொன்னேன், எழுதக் கூசுகிறது. அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை.

"ஜமாபந்திக்குக் கலெக்டர் வந்தாச் சாவடிக்கு வெள்ளையடிக்கிறதுதானேய்யா வழக்கம்? அவருக்கும் மேலன்னு நீங்கதானே சொன்னீக. பெரிய மனுசரு வார எடத்த அழுக்கா வைக்கலாமா?" என்றார். குற்றம் யாருடையது என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. வெள்ளையடிப்பதே தொழிலாக உள்ள மனிதரிடம் கலெக்டர் பெயரைச் சொல்லிச் சுத்தம் கேட்டால் அவர் வேறு என்ன செய்வார்?

சுவரில் எழுத்து இருந்ததையும், அது மறைந்தால் காண்டிராக்டர் ஜெயித்துவிடுவார் என்பதையும் திக்கித் திணறிச் சொன்னேன். அவர் முகம் அவர் சுண்ணாம்பைவிட வெளுத்துப்போயிற்று. மூன்றாம் படுக்கையைத் திரும்பிப் பார்த்தார். அந்த நேரம் பார்த்துக் கிழக்கே ஒரு வேட்டு வெடித்தது.

நான் மணலை அள்ளிச் சுவரில் வைத்துப் பரக்கப்பரக்கத் தேய்க்க ஆரம்பித்தேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். "மணலப் போடாதீக, எழுத்துந் தேஞ்சுபோகும். சுண்ணாம்பு இன்னும் கல்லோட இறுகல. புளிக்கு அது கேக்கும். செத்த பொறுங்க" என்று சொல்லிவிட்டு ஊரைப் பார்க்க ஓடினார்.

அரை மணியில் ஊரே வந்தது. பெண்கள் பானை பானையாகப் புளியைக் கரைத்துத் தலையில் வைத்துக்கொண்டு வந்தார்கள். அன்று எந்த வீட்டிலும் குழம்பு வைத்திருக்க மாட்டார்கள். புளித்தண்ணீரை அடித்து, ஊறவிட்டு, தேங்காய் நாரால் மெதுவாக ஒற்றித் துடைக்க வேண்டும். அழுத்தினால் சுண்ணாம்பு அண்ணன் அதட்டுவார். "ஏத்தா, பித்தளைக் குடமா வெளக்குற? பச்சப்புள்ளைக்கு மொகம் தொடைக்கிற மாதிரித் தொடை!" மேலிருந்து கீழாக ஒவ்வொரு சாணாகப் பாறை வெளியே வந்தது. வெள்ளைக் குழம்பு படுக்கைகளில் வழிந்தது. நாலு மணி வெயிலில் என் கை எரிந்தது. எழுத்து மட்டும் வரவில்லை. நான் வாய்விட்டு ஜெபம் சொல்லத் தொடங்கிவிட்டேன். மிஷன் பள்ளி வாத்தியாரின் மகன், வேறென்ன செய்வேன்?

அப்போது ஒரு பெண், "இங்கன என்னமோ நிக்குது" என்றாள். ஓடிப் பார்த்தேன். ஈரப் பாறை கறுப்பாக இருந்தது. அதில் ஒரு கோடு, ஒரு குறுக்குக் கோடு, வெள்ளையாக. மேலே பூசியது கழுவிப் போயிருந்தது. எழுத்தின் குழிக்குள் இறங்கிய சுண்ணாம்பு மட்டும் அப்படியே தங்கிவிட்டது. காலை வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு நான் தேடித் தேடிப் படித்த எழுத்து, இப்போது சிலேட்டில் எழுதினாற்போல் நின்றது. அது மட்டுமா! அதன் கீழே இன்னொரு வரி. தேய்ந்து தேய்ந்து விரலுக்கே அகப்படாமல் இருந்த வரி. நான் மூன்று மாதமாகப் பார்த்தும் பார்க்காத வரி. அந்த வெள்ளைக் குழம்பிலேயே உட்கார்ந்து அழுதுவிட்டேன். நெஞ்சின்மேல் இருந்த பாறாங்கல்லை யாரோ தூக்கியெடுத்த மாதிரி இருந்தது. குழிக்குள் மிச்சம் இருந்ததையும் குச்சியால் எடுக்கப் போனேன். "அத விடுங்கய்யா, அதாலதான் தெரியுது" என்று சுண்ணாம்பு அண்ணன் தடுத்தார். கூரை, படுக்கை, வெளிநெற்றி எல்லாவற்றையும் பந்த வெளிச்சத்தில் ராத்திரியோடு ராத்திரியாக ஊரே கழுவி முடித்தது.

மறுநாள் காலை சூப்பிரண்டு வந்தார். வரும்போதே சுளித்திருந்த மூக்கு, சுவரைக் கண்டதும் இறங்கியது. கிட்டே போய்ப் படித்தார். முதல் வரி, இன்னார் கொடுத்த படுக்கை என்றது. இரண்டாவது வரி, அதைச் செதுக்கியவன் பெயர். "செதுக்கினவன் பேர் கிடைப்பது அபூர்வம்" என்றார். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தார். "குழியில் சுண்ணாம்பு ஏற்றிக் காமிராவுக்குத் தயார் பண்ணி வைத்திருக்கிறாய். நல்ல யோசனை. யாருடையது?"

சுண்ணாம்பு அண்ணன் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு பக்கத்தில்தான் நின்றார். நடந்ததைச் சொல்லியிருக்க வேண்டும். "என்னுடையதுதான் சார்" என்று சொல்லிவிட்டேன். "குட் வொர்க்" என்று அவர் என் தோளைத் தட்டினார். சுண்ணாம்பு அண்ணன் ஆகாயத்தைப் பார்த்தார்.

காமிராவில் படம் எடுத்தார்கள். பிறகு எழுத்தைக் கழுவி, ஈரக் காகிதம் ஒட்டி, மை ஒற்றிப் படி எடுத்தார்கள். 'சரி' என்று எழுதிக் கையெழுத்திட்டு சூப்பிரண்டு புறப்பட்டார். மேற்குப் பக்கம் வேட்டு வைக்கக் கூடாது என்று ஒரு மாதத்தில் உத்தரவு வந்தது. என் வேலையும் நிரந்தரமானது. வேறு ஜில்லாவுக்கு மாற்றினார்கள்; பிறகு யுத்தம். மதுரைக்குத் திரும்பி வந்த பிறகும் அந்த ஊருக்குப் போகாமலே இருந்தேன். நேரமில்லை என்று சொல்லிக்கொண்டேன். பொய். அவர் முகத்தில் விழிக்க எனக்குத் துணிச்சல் இல்லை.

சுதந்திரமும் வந்துவிட்ட பிறகு, போன மாதம்தான் போனேன். கிழக்குப் பக்கம் குன்றே இல்லை. தண்ணீர் தேங்கிய பெரிய பள்ளம். மேற்கே பாறை அப்படியே துருத்திக்கொண்டு நின்றது. தூறல் போட்டது. குடையை விரித்தபடி உள்ளே போனேன். மூன்றாம் படுக்கையில் ஒரு குழந்தை தூங்கிக்கொண்டிருந்தது. பக்கத்தில் ஆடுகளோடு ஒதுங்கியிருந்த இளம்பெண் என்னை ஏறஇறங்கப் பார்த்தாள். காது மடலும் புருவமும் அச்சாக அவர். மலையம்மா. அப்பா எங்கே என்று கேட்டேன். போன ஆடியில் தவறிவிட்டார் என்றாள்.

அங்கேயே ஒரு படுக்கை ஓரத்தில் உட்கார்ந்துகொண்டேன். யாரிடம் சொல்ல வந்தேனோ அவர் இல்லை. மகளிடமாவது சொல்லிவிடலாம் என்று, அன்று சூப்பிரண்டு கேட்டதையும் நான் சொன்ன பொய்யையும் தலையைக் குனிந்துகொண்டு சொன்னேன். "உங்கப்பாவுக்குப் போகவேண்டிய பேரும்மா அது."

அவள் சிரித்த சிரிப்பில் குழந்தை விழித்துக்கொண்டது.

"அட, அது ஊருக்கே தெரியுமேய்யா! பொங்கலுக்குச் சாவடிக்கு வெள்ளையடிக்கிறப்பல்லாம் எங்கப்பா அதத்தான் சொல்லுவாரு. 'நாம்பாட்டுக்கு உண்மையச் சொல்லியிருந்தா அந்தப் பெரிய அதிகாரி நம்ம எழுத்தரய்யாவ அன்னைக்கே வீட்டுக்கு அனுப்பியிருப்பாரு. நான் வாயத் தொறக்கலையே! சர்க்காரு வேலை போட்டுக் குடுத்தது சூப்பிரண்டு இல்லடா, நாந்தான்'னு சொல்லிச் சொல்லிச் சிரிப்பாரு. நீங்க வந்தா ஒரு தடவ உங்ககிட்டயே சொல்லணும்னு இருந்தாரு."

எனக்கு அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை, இரண்டையும் செய்தேன். பத்துப் பன்னிரண்டு வருஷமாகக் கட்டித் தூக்கிக்கொண்டு அலைந்த மூட்டையை அவர் எப்போதோ அவிழ்த்து ஊருக்கெல்லாம் பகிர்ந்து கொடுத்துவிட்டிருக்கிறார். தூறல் நின்றது. குடையை மடக்கும்போது மலையம்மா கைப்பிடியைப் பார்த்துவிட்டாள்.

"சுண்ணாம்பு ஒட்டியிருக்கேய்யா. வீடு பக்கந்தான். கொஞ்சம் புளி கொண்டாரவா?"

"வேண்டாம்மா. அது இருக்கட்டும்" என்றேன்.