இடுப்புப் பஞ்சு

என் வீட்டுக்காரருக்குத் தொழில் விழுவது. ரங்கூனில் வீடியோ படம் எடுக்கிறவர்கள், கதாநாயகன் மாடியிலிருந்து உருள வேண்டுமென்றால் இவரைக் கூப்பிடுவார்கள். பதினோரு வருஷம் விழுந்தார். திரையில் முதுகுதான் தெரியும். முகம் தெரிகிற வேஷம் கொடுத்தால் அது அடிவாங்குகிற கறுத்த அடியாள். வாயைத் திறக்க விடமாட்டார்கள். "நம்ம மூஞ்சிக்கு இவ்வளவுதான்" என்பார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

நான் ஊருக்கு வெளியே ஆலைகள் இருக்கிற லைங் தாயாவில் குளிர்ச்சட்டை தைக்கிற ஆலையில் இருந்தேன். சட்டைக்குள் வைக்கிற பஞ்சில் வெட்டி ஒதுக்கியது குப்பைக்குத்தான் போகும், ஆனாலும் வெளியே கொண்டுபோகக் கூடாது. நான் அதை இடுப்பில் சுற்றி, மேலே லுங்கியைக் கட்டிக்கொண்டு வாசலைத் தாண்டிவிடுவேன். திருட்டுத்தான், இல்லையென்று சொல்லவில்லை. அதை நாலு மடிப்பாக மடித்து அவருடைய அரைக்கால் சட்டையில் இடுப்புக்கும் முட்டிக்கும் வைத்து, அவர் போட்டுக்கொண்டு நிற்கும்போதே தைப்பேன். அப்படித் தைத்தால்தான் உருளும்போது நகராது. அதற்காகவே விழுகிற காட்சியை எனக்கு லீவு கிடைக்கிற ஞாயிற்றுக்கிழமையில் வைக்கச் சொல்லிக் கெஞ்சுவார். ஊசி பட்டுவிட்டால், "நான் விழுந்து சாகுறதுக்கு முன்னாடி நீயே கொன்னுடுவ போல" என்று சிரிப்பார்.

தொண்ணூறுகளின் கடைசியில் ஒரு படத்தில் அவருக்குப் பேசுகிற வேஷம் வந்தது. மகளைத் தொலைத்த மீன்கடைக்காரர். மூன்று நிமிஷம் பர்மிய மொழியில் பேசி அழ வேண்டும். பத்து நாள் என்னை மகளாக உட்காரவைத்து ஒத்திகை பார்த்தார், நானே அழுதுவிட்டேன். ஆனால் அதே படத்தில் கதாநாயகனுக்காக மாடிப்படியில் உருளவும் வேண்டும். முதலில் படி, மறுநாள் மீன்கடை.

ரங்கூன் நடுவில் லத்தா பேட்டையில் ஒரு பழைய கட்டடம். அந்தப் பக்கத்துப் படிகள் ஏணியைவிடக் கொஞ்சம்தான் தேவலை. நான் தைத்து முடித்து, அவர் லுங்கியைக் கட்டியதும் இயக்குநர் வந்து சுற்றிப் பார்த்தார். கதாநாயகன் மூங்கில் மாதிரி இருப்பான். "இடுப்பு பிள்ளைத்தாச்சி மாதிரி இருக்கு. அங்க இருக்கிற பஞ்சை எடு, இல்லேன்னா வேற ஆள் இருக்கான்" என்று பர்மிய மொழியில் சொல்லிவிட்டுப் போனார். வேறு ஆள் வந்தால் மீன்கடையும் அவனுக்குத்தான் போகும்.

"ஸயா சொல்றார்ல, பிரிச்சிடு" என்றார் இவர். இயக்குநரை எல்லோரும் ஸயா என்றுதான் கூப்பிடுவார்கள்.

"படி மரமில்லைங்க. சிமெண்டு."

"பதினோரு வருஷமா விழறேன், எனக்குத் தெரியாதா? பிரி."

மாட்டேன் என்று நான் சொல்லியிருக்கலாம். என் பேச்சை அவர் தட்டினதே இல்லை. ஆனால் எனக்கும் அந்த மூன்று நிமிஷம் வேண்டியிருந்தது. ஆலையில் பக்கத்து மிஷின்காரிகளிடமெல்லாம் சொல்லிவைத்திருந்தேன். கத்தரியை எடுத்து இரண்டு பக்கமும் தையலைப் பிரித்தேன்.

ஒரே தடவைதான் உருண்டார். கீழே வந்தவர் எழுந்திருக்கவில்லை. இடுப்பெலும்பு இரண்டு இடத்தில் போயிருந்தது. மீன்கடைக்காரராக வேறொருவர் நடித்தார்.

படம் வெளிவந்தபோது இவரால் எழுந்து உட்காரவும் முடியாது. "நீ போய்ப் பாத்துட்டு வா" என்றார். தெருக்கோடி வீடியோ கொட்டகையில் பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தேன். படிக்காட்சி வந்தது. கதாநாயகன் தடுமாறுகிறான். பிறகு ஒரு பின்மண்டை, தோள், படியில் அடிபடுகிற ஒரு கை. மார்புக்குக் கீழே எதையுமே காட்டவில்லை. ஒரு மெத்தையையே இடுப்பில் சுற்றியிருந்தாலும் ஒருவருக்கும் தெரிந்திருக்காது. அந்த இயக்குநர் அப்போது என் கையில் கிடைத்திருந்தால் கடித்துத் துப்பியிருப்பேன். பிரித்தது என் கை என்பதும் அங்கேயே உறைத்தது.

வீட்டுக்கு வந்தேன். கூரையைப் பார்த்துப் படுத்தபடியே கேட்டார்.

"நல்லா விழுந்திருக்கேனா?"

"நல்லா விழுந்திருக்கீங்க."

"பஞ்சு இருந்திருந்தா தெரிஞ்சிருக்குமா?"

"தெரிஞ்சிருக்கும்" என்றேன்.

"அப்ப சரி" என்று கண்ணை மூடிக்கொண்டார்.