சுமதி பொழைச்சிக்கிறாளா, பாரு

அன்று காலை சுங்குவார்சத்திரம் நிறுத்தத்தில் கம்பெனி பஸ்ஸுக்காக நின்றுகொண்டிருந்தேன். வாலாஜாபாத்திலிருந்து அண்ணன் போன் செய்தார். "சொல்லுங்கண்ணே" என்றேன். "நீதானாம்மா? நீதான் பேசறியா?" என்றார். குரல் உடைந்திருந்தது. "நான்தான். இன்னாண்ணே ஆச்சி?" என்றேன். "ஒண்ணுல்ல. நீ நல்லா கீறே இல்ல? நல்லா இரு" என்று வைத்துவிட்டார். அண்ணன் மகனும் எங்கள் கம்பெனியில்தான் வேலை செய்கிறான். என்னவோ ஆகியிருக்கிறது என்று கம்பெனி வாட்ஸ்அப் குழுவைத் திறந்தேன். "நம் சுமதி நம்மை விட்டுப் பிரிந்தார்" என்று யாரோ போட்டிருந்தார்கள். படம் இல்லை, ஊர் இல்லை, வெறும் பெயர். என் பெயர்.

போனது நான் இல்லை, ஸ்டோர்ஸ் சுமதி. மண்ணூர்க்காரி. வல்லம் வடகாலில் கார் பாகங்கள் செய்யும் எங்கள் கம்பெனியில் அவள் ஸ்டோர்ஸ், நான் தரம் பார்க்கும் க்யூசி. அவளை 'அவர்' என்று எழுதிப் பார்த்தேன், வேறு யாரையோ சொல்வது போல இருந்தது. அவளைத் தெரிந்தவர்கள்தான் இந்த மண்டபத்துக்குப் படத்திறப்புக்கு வந்திருக்கிறீர்கள். அதனால் 'அவள்' என்றே வாசிக்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்தச் செய்தியைப் பார்த்ததும் எனக்கு முதலில் அழுகை வரவில்லை. பயம் வந்தது. பக்கத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். ஏன் என்று சொல்லிவிடுகிறேன், மூடி மறைத்துப் பேச எனக்கு வராது. சுமதி மார்பில் வந்த கட்டியால் போனாள். எனக்கும் ஒரு கட்டி இருக்கிறது. குளிக்கும்போது கையில் தட்டியது. போய்க் காட்டுவதா வேண்டாமா என்று முடிவு செய்ய முடியாமல் இத்தனை நாளாகத் தவிக்கிறேன். இதை வாசிக்கிற இந்த நிமிஷம் வரை என் வீட்டுக்காரருக்கே தெரியாது. அவரும் இங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். ஏங்க, எழுந்து வராதீங்க, முடித்துவிட்டு வருகிறேன். இறந்தவளைப் பற்றிப் பேச வந்தவள் தன் கதையைப் பேசுகிறாளே என்று மற்றவர்களும் நினைக்க வேண்டாம். எங்கள் இரண்டு பேர் கதையும் பல வருஷமாக ஒன்றோடொன்று சிக்கிக் கிடக்கிறது.

மறுநாள் அதே நிறுத்தத்தில் 'கண்ணீர் அஞ்சலி' பேனர் கட்டிவிட்டார்கள். ஆள் உயரத்துக்கு எழுத்து, சுமதி என்று. அதன் அடியில்தான் தினமும் பஸ்ஸுக்கு நிற்கிறேன். டீக்கடைக்காரர் ஒரு நாள் பார்த்தார், இரண்டு நாள் பார்த்தார். "ஏம்மா, இந்தாண்ட வந்து நில்லும்மா. பாக்கவே ஒரு மாதிரி கீது" என்றார். நகர்ந்து நின்றேன். நகர்ந்தால் பேர் மாறிவிடுமா என்ன.

எங்களைச் சேர்த்து வைத்ததே இந்தப் பேர்தான். வேலைக்குச் சேர்ந்த புதிதில் சூப்பர்வைசர் "சுமதி" என்று கத்தினால் இரண்டு பேரும் திரும்புவோம். திட்டு யாருக்கென்று தெரியாமல் ஆளுக்குப் பாதி வாங்கிக்கொள்வோம். அவள் என்னைப் 'பேருக்காரி' என்றுதான் கூப்பிடுவாள். ஒரு நாள் கேன்டீனில் மாத நாவல் ஒன்றை விரித்து வைத்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். தட்டோடு எதிரே வந்து உட்கார்ந்தவள், "அதுல சுமதின்னு யார்னா வராளா?" என்றாள். வருகிறாள் என்றேன். புத்தகத்தை வாங்கி நேரே கடைசிப் பக்கத்துக்குப் போனாள். அங்கிருந்து கொஞ்சம் பின்னால் புரட்டினாள். மூடி என் பக்கம் தள்ளிவிட்டு, "செத்துட்டா. எந்த புக்குலயும் பொழைக்க மாட்டா. நீ சாப்புடு" என்றாள். எனக்கு அதற்கு மேல் சோறு இறங்கவில்லை.

பிறகுதான் காரணம் சொன்னாள். சின்ன வயதில் அவள் சித்தி பத்திரிகைத் தொடர்கதையை வீட்டுப் பெண்களுக்கு உரக்கப் படித்துக் காட்டுவாராம். கதாநாயகி பேர் சுமதி. வாராவாரம் 'நம்ம சுமதி, நம்ம சுமதி' என்று எல்லாரும் கொண்டாட, ஒரு வாரம் அந்தச் சுமதி கிணற்றில் விழுந்துவிட்டாள். சித்தி பத்திரிகையை மடித்து வைத்துவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டார். "எல்லாரும் என்ன பாத்து சிரிக்கறாங்க. எனக்கு ஒடம்பெல்லாம் நடுங்குது. அன்னிலேர்ந்து தேடிகினு கீறேன், பேருக்காரி. கடைசி பக்கத்துல உயிரோட கீற சுமதி ஒருத்திய பாத்துட்டா போதும். அப்புறம் நிம்மதியா தூங்குவேன்" என்றாள். கழுத்தில் தாலியும் தோளுக்கு மேல் வளர்ந்த மகளும் இருக்கிற பெண்பிள்ளை இதைச் சொன்னாள். நான் சிரித்தேன். ஆனால் அன்று வீட்டுக்குப் போனதும் என் அலமாரியில் இருந்த நாவல்களை எடுத்துக் கடைசிப் பக்கங்களைப் பார்த்தேன்.

சுங்குவார்சத்திரத்தில் பழைய பேப்பர் கடை வைத்திருக்கும் பாய் எங்களுக்குக் கூட்டாளி ஆனார். ஹாஸ்டலைக் காலி செய்யும் பெண்களும் வாடகை வீடு மாறும் குடும்பங்களும் எடைக்குப் போடும் புத்தகங்கள் அவரிடம் வரும். "சுமதிம்மா, ஒரு சுமதி வந்துகீது" என்று போன் செய்வார். ஷிப்ட் முடிந்து இரண்டு பேரும் ஓடுவோம். முடிவைப் பார்க்கும் வேலை போகப்போக என் தலையில் விழுந்தது. "சுமதி பொழைச்சிக்கிறாளா, பாரு" என்று சொல்லிவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு தராசுக்குப் பக்கத்தில் நிற்பாள். நான் படித்துச் சொல்ல வேண்டும். ஒரு சுமதியை ஊட்டியில் மலையிலிருந்து தள்ளிவிட்டார்கள். ஒருத்தி காதலனைத் தங்கைக்கு விட்டுக்கொடுத்துவிட்டு இருமி இருமியே போனாள். இன்னொருத்தி இரண்டாம் அத்தியாயத்திலேயே பிணமாகக் கிடந்தாள், மீதிக் கதை முழுக்க போலீஸ். "எழுதறவங்களுக்கு நம்ம மேல இன்னாடி கோவம்?" என்பாள். நானும் கதை எழுதுகிறவள் என்று தெரிந்ததும், "உன் கதையில என் பேர வெச்சே, தொலைச்சிடுவேன்" என்று மிரட்டினாள். அது எனக்கும் பேர் என்பது அவளுக்கு அப்போது ஞாபகம் இல்லை. இன்று வரை எந்தக் கதையிலும் நான் அந்தப் பேரை வைத்ததில்லை. துணிச்சல் வந்ததில்லை.

கதை வேண்டாம், நிஜமாக வாழ்ந்த சுமதிகளைப் படிப்போம் என்று நான்தான் திருப்பினேன். பாயும் மூட்டைகளைக் கிளறி வாழ்க்கை வரலாறுகளை எடுத்து வைத்தார். மலைக் கிராமத்தில் பள்ளிக்கூடம் நடத்திய சுமதி. ஆயுசு முழுக்கப் பிரசவம் பார்த்த நர்ஸ் சுமதி. ஊறுகாய் போட்டு விற்றே பிள்ளைகளைப் படிக்க வைத்த ஒரு சுமதி, அவரைப் பற்றி மகள் எழுதிச் சொந்தக்காரர்களுக்கு மட்டும் அச்சடித்துக் கொடுத்த புத்தகம் அது. அட்டைகளில் நரைத்த தலையோடு சிரித்தார்கள். "பாரேன், கெழவி ஆயிட்டா" என்று அட்டையைத் தடவிக்கொண்டே இருந்தாள். அந்தச் சந்தோஷம் கடைசி அத்தியாயம் வரைக்கும்தான் நின்றது. "கதையில வர்றவள எழுதறவன் சாவடிக்கிறான். வரலாறுல வர்றவள சாமி சாவடிக்குது. வித்தியாசம் இன்னா கீது, சொல்லு?" என்று கேட்டாள்.

அப்புறம் ஒரு மழை நாளில் அட்டையும் கடைசிப் பக்கங்களும் கிழிந்துபோன நாவல் ஒன்று கிடைத்தது. அதில் சுமதி ரயிலில் ஏறி, ஜன்னலோரம் இடம் பிடித்து, சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரிக்கிறாள். அதோடு காகிதம் தீர்ந்துவிட்டது. படித்துக் காட்டியதும் புத்தகத்தை என்னிடமிருந்து பிடுங்கிக்கொண்டாள். "இவ ஒருத்திதான் சாவல" என்றாள். முழுப் பிரதி எங்கேயாவது கிடைக்கும், தேடிப் பார்க்கிறேன் என்று நான் வாயை விட்டேன். அப்படி ஒரு கோபத்தை அவள் முகத்தில் நான் பார்த்ததே இல்லை. "தேடினே, அப்புறம் என் மூஞ்சில முழிக்காத. அவ டிரெயின்ல போய்க்கினு கீறா. போவட்டும், வுடு." முடிவு தெரியாமல் எந்தப் புத்தகத்தையும் தொடாதவள், அன்றிலிருந்து எந்த முடிவையும் பார்க்கச் சொல்லவில்லை. அந்த நாட்களில்தான் அவளுக்குக் கட்டி தெரிந்திருக்கிறது. எனக்குத்தான் புரியவில்லை.

சில வாரம் கழித்து லாக்கர் ரூமில் யாரும் இல்லாத நேரம் பார்த்து என் கையைப் பிடித்து இழுத்துத் தன் மார்பின் மேல் வைத்தாள். "இது இன்னா, பாரு." விரலுக்கு அடியில் புளியங்கொட்டை போல ஒன்று உருண்டது. இன்றே ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றேன். "போனா சொல்லிடுவாங்க" என்றாள். "சொன்னாத்தானேடி வைத்தியம் பண்ண முடியும்?" என்றேன். "சொல்லிட்டா அதான் கடைசி பக்கம்" என்றாள். அதற்குப் பிறகு ஒரே சாக்குத்தான். ஆடி மாசம் ஆஸ்பத்திரி வாசப்படி மிதிக்கக்கூடாது. மகள் கல்யாணம் முடியட்டும். ஸ்டோர்ஸில் ஆள் இல்லை, ஓ.டி. பார்க்க வேண்டும். நான் கத்தினேன், கெஞ்சினேன், பேசாமல் இருந்தும் பார்த்தேன்.

அவள் வீட்டுக்காரர் ஏகாம்பரம் அண்ணன் எங்கள் கம்பெனி பஸ்ஸை ஓட்டுகிறவர். அவரிடம் சொல்லிவிடுவேன் என்று மிரட்டித்தான் கடைசியில் காஞ்சிபுரத்துக்குக் கூட்டிப்போனேன். ஆஸ்பத்திரியில் நர்ஸ் "சுமதி" என்று கூப்பிட்டார். பழக்கதோஷம், இரண்டு பேரும் எழுந்தோம். அவள் சட்டென்று உட்கார்ந்துகொண்டு என் முதுகில் கை வைத்துத் தள்ளினாள். "நீ போ, பேருக்காரி. நீயும் சுமதிதானே. உனக்கு ஒண்ணும் இல்லன்னு சொல்லுவாங்க. அத கேட்டுகினு வந்து எனக்கு சொல்லு." விளையாடுகிறாள் என்று திரும்பினேன். உதடு வெளுத்துப் போயிருந்தது. கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போனேன். டாக்டரம்மா பார்த்துவிட்டு, "ஆரம்பத்திலேயே வந்திருந்தா சுலபமா முடிஞ்சிருக்குமேம்மா" என்றார். திட்டவில்லை, வருத்தமாகத்தான் சொன்னார். அதன் பிறகு சென்னை, ஊசி, மருந்து, முடி கொட்டியது எல்லாம் உங்களுக்குத் தெரியும்.

அவளை அத்தனை திட்டு திட்டிய நான், என் கையில் ஒன்று தட்டியதும் என்ன செய்தேன் தெரியுமா? கையை எடுத்துக்கொண்டேன். தண்ணீரை ஊற்றிக் குளித்து முடித்து இட்லி ஊற்றினேன். அடுத்த நாளிலிருந்து அந்தப் பக்கம் கையையே கொண்டு போகவில்லை. ஆடி போகட்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சொன்ன பிறகுதான் அது யாருடைய வார்த்தை என்று உறைத்தது. பயம் வந்துவிட்டால் புத்தி எங்கே போகிறதோ.

கடைசி நாட்களில் மண்ணூர் வீட்டில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து நர்ஸ் சுமதியின் புத்தகத்தைப் படித்துக் காட்டுவேன். "பொறந்தத படி. பள்ளிக்கூடம் போனத படி. அவ்ளோ போதும்" என்பாள். அதையே திரும்பத் திரும்பப் படித்தோம். வெளியே கண்டெய்னர் லாரி போகும்போதெல்லாம் ஜன்னல் அதிரும், சத்தம் அடங்கும் வரை நிறுத்திக் காத்திருப்பேன். அப்படி நிறுத்தியிருந்தபோது ஒரு நாள், "பயமா கீதுடி" என்றாள். "எனக்கும்தான்" என்றேன். "உனக்கு இன்னாத்துக்கு?" சொல்லிவிட வாய் வரை வந்தது. சாகப்போகிறவளிடம் எப்படிச் சொல்ல? "ஒரே பேரு, அதான்" என்று மழுப்பினேன். என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். "பேரு ஒண்ணும் பண்ணல, பேருக்காரி. நான் பயந்துகினு உக்காந்துட்டேன். அவ்ளோதான்" என்றாள். அவளுக்குத் தெரிந்துதான் சொன்னாளோ என்று இப்போதும் எனக்குச் சந்தேகம் உண்டு.

காரியம் முடிந்ததும் ஏகாம்பரம் அண்ணன் அத்தனை புத்தகத்தையும் அரிசிச் சாக்கில் கட்டிக்கொண்டு வந்தார். "உங்களுக்குதான் குடுக்க சொன்னா" என்றார். மாட்டேன் என்று சொல்ல மனசு வரவில்லை. வாங்கி வைத்தேனே தவிர அவிழ்க்கவில்லை. செத்துப்போன அத்தனை சுமதிகளும் என் வீட்டுக்கு வந்துவிட்ட மாதிரி இருந்தது, அந்த அறைக்குள் போகவே கால் கூசியது. அவற்றை எங்கள் ஊர் நூலகத்துக்குக் கொடுத்துவிடப் போகிறேன். படிக்கிற பிள்ளைகள் படிக்கட்டும்.

அவளிடமிருந்து எனக்கென்று நான் வைத்துக்கொள்வது வேறொன்று. சுமதி பயந்தாங்கொள்ளி என்று நானே எத்தனையோ முறை ஏசியிருக்கிறேன். ஆனால் இன்னொருத்தியின் கையை எடுத்துத் தன் கட்டியின் மேல் வைக்க எவ்வளவு துணிச்சல் வேண்டும் என்று எனக்கு இப்போதுதான் தெரிகிறது. அவள் ஒருத்தியிடம் காட்டினாள். நான் உங்கள் அத்தனை பேரிடமும் சொல்லிவிட்டேன், இனி ஒளிய இடம் இல்லை. திங்கட்கிழமை காஞ்சிபுரம் போகிறேன். என் வீட்டுக்காரர் வருவார், ஆனால் அவருக்கு ஊசியைப் பார்த்தாலே தலை சுற்றும். அதனால் உங்களில் யாராவது ஒருத்தி கூட வாருங்கள். எனக்கு ரொம்பப் பயமாக இருக்கிறது.