கடைக்கு மட்டும் கேட்ட சம்மதம்

தீரா நீஸ்ட்ரோம் தன் வாழ்க்கையில் ஒரே ஒரு முறைதான் கதாநாயகி வேஷத்துக்குச் சம்மதம் சொன்னார். அதுவும் ஒரு மளிகைக் கடைத் தொலைபேசியில்.

ஸ்வீடனின் வடக்கே எங்கள் பகுதியில் ஆமாம் என்று வாய்விட்டுச் சொல்ல மாட்டோம். உதட்டைக் குவித்து மூச்சைச் சட்டென்று உள்ளே இழுப்போம். எதிரில் நிற்பவருக்கு அது போதும். மரம் வெட்டுபவரின் மகளான தீராவின் பேச்சிலிருந்து ஊரை உருவியெடுக்க ஸ்டாக்ஹோம் நாடகப் பள்ளிக்கு மூன்று வருடம் பிடித்தது. இந்த மூச்சு மட்டும் தப்பிவிட்டது. மேடையில் யாரும் அப்படிச் சம்மதிப்பதில்லை, அதனால் ஆசிரியர்கள் கவனிக்கவில்லை.

பிறகு ஆறு வருடம் நகர நாடக அரங்கில் தோழி, தாதி, கடிதம் கொண்டுவருபவள். 1954 கோடையில் அவர் ஊருக்கு வந்திருந்தபோது திரைப்பட இயக்குநர் வீகேலியுஸ் கடைத் தொலைபேசியில் கூப்பிட்டார். கடைக்காரர் ஆல்கோட் ஆளனுப்பி அழைத்துவந்தார்.

"மிஸ் நீஸ்ட்ரோம், உங்களுக்கு என் படத்துல கதாநாயகியா நடிக்கச் சம்மதமா?"

தீரா மூச்சை இழுத்தார்.

"ஹலோ? சம்மதமா இல்லையா?"

இன்னும் பலமாக இழுத்தார்.

"சரி, புரியுது," என்று அவர் வைத்துவிட்டார்.

"நல்லா சொன்னே போ," என்றார் ஆல்கோட். "ரெண்டு தரம் சொன்னியே, அவன் செவிடா?" கடையிலிருந்தவர்கள் எல்லோரும் காபி குடித்துக் கொண்டாடினார்கள். அன்றே தீரா நாடக அரங்குக்கு, அடுத்த வருட ஒப்பந்தம் வேண்டாம் என்று எழுதிப் போட்டார்.

ஆகஸ்டில் செய்தித்தாள் வந்தது. அந்த வேஷத்தில் ஒரு பேராசிரியரின் மகள், எப்பா.

பட்டிக்காட்டுக்காரி என்பதால் கழற்றிவிட்டார்கள் என்றே தீரா நம்பினார். கேட்டு ஒரு கடிதம் போடவும் மானம் இடம் கொடுக்கவில்லை. ஐந்து வருடம் ஊர் ஊராகப் போகும் குழுவில் பள்ளிக்கூட மண்டபங்களில் நடித்தார். எப்பாவின் முகம் எல்லாச் சுவர்களிலும் இருந்தது.

பிறகு ஒரு விருந்தில் வீகேலியுஸே அவரிடம் வந்தார். "எனக்கு முடியாதுன்னு சொன்னவங்க நிறையப் பேர். வாயே திறக்காம சொன்னது மிஸ் நீஸ்ட்ரோம், நீங்க மட்டும்தான். அவ்வளவு வெறுப்பா என் மேல?"

அந்த மூச்சு கடைக்கு மட்டும்தான் கேட்டிருக்கிறது என்று அப்போதுதான் தீராவுக்கு விளங்கியது. கையில் தட்டு இருந்ததாம், அதைப் பார்த்தபடி, "அப்ப எனக்கு வேற நாடகம் இருந்தது," என்று சொல்லிவிட்டார்.

வீகேலியுஸுக்கு மனம் லேசானது. எப்பாவின் புதுப் படத்தில் வேலைக்காரி வேஷம் ஒன்று இருக்கிறது, இரண்டு வரி வசனம் என்றார். தீரா ஒத்துக்கொண்டார்.

இதை அவர் என்னிடம் சொன்னது எங்கள் குடியிருப்பின் சலவை அறையில், தலையணை உறைகளை மடித்தபடி. அவருக்கு அப்போது எண்பது. நான் எங்கள் வீட்டில் முதல் ஆளாகக் கல்லூரிக்குப் போய் விடுமுறைக்கு வந்திருந்தேன். அங்கே எல்லாவற்றுக்கும் வாய்விட்டு ஆமாம் சொல்லிப் பழகியிருந்தேன். "ஏன்டி கத்துறே?" என்று அம்மா கேட்பாள்.

"உண்மையச் சொல்லியிருக்கலாமே தீரா?"

"சொல்லியிருந்தா? சிரிச்சிருப்பான். விருந்துக்கு விருந்து அந்தக் கதையச் சொல்லியிருப்பான். திமிர் பிடிச்சவள்னு பேரு இருந்துச்சு பாரு, அதுவாவது நானே சம்பாதிச்சது."

அந்தப் பதிலை மெச்சுவதா, அதற்காக அவர்மேல் கோபப்படுவதா என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. எப்பாவின் அந்தப் படத்தைப் போன மாதம் பார்த்தேன். தீரா கதவைத் திறக்கிறார், எப்பாவின் மேலங்கியை வாங்கிக்கொள்கிறார், அவர் முகம் நம் பக்கம் திரும்புவதற்குள் காட்சி மாறிவிடுகிறது. இரண்டு வரியையும் வெட்டிவிட்டிருந்தார்கள்.