தென்றல் எந்தப் பக்கத்துக் காற்று? தேங்காய்த்திட்டில் ஒன்றரை நாள்

நான் எழுதிய நாவலில் காற்று தப்பாக வீசுகிறது என்று என்னிடம் கயிறு வாங்கும் ஒரு பெண்மணி சொன்னார். அதைச் சரிபார்க்க ஜூன் கடைசி வெள்ளிக்கிழமை சேலத்திலிருந்து புதுச்சேரிக்குப் போய், சனிக்கிழமை திரும்பினேன். திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு நாவல் அச்சேற வேண்டும். நடந்தது இவ்வளவுதான். இனி விவரம்.

என் தொழில் நைலான் கயிறு மொத்த வியாபாரம். ஒன்பதாம் வகுப்போடு படிப்பை விட்டு, சைக்கிள் கேரியரில் சுருளைக் கட்டிக்கொண்டு ஊர் ஊராக விற்று மேலே வந்தவன். என் சரக்கில் பாதிக்கு மேல் துறைமுகங்களுக்குப் போகிறது. ஆனால் கடலை நான் பார்த்தது மூன்று தடவை, மூன்றும் குடும்பச் சுற்றுலா. கடலைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் கிளை நூலகத்தில் படித்த கவிதைகளும் கதைகளும்தான். அந்த தைரியத்தில் ஒரு மீனவன் மனைவியைப் பற்றி நூற்று நாற்பது பக்கம் எழுதிவிட்டேன். கடைசி அத்தியாயத்தில் நிலா எழுகிறது, கடலிலிருந்து தென்றல் வீசுகிறது, எஞ்சின் நின்றுபோன படகில் போன கணவன் திரும்பி வரவே இல்லை. என் பெயரில் முதல் புத்தகம். முந்நூறு பிரதி, சொந்தச் செலவு.

பெருமை தாங்காமல் அதை வாட்ஸப்பில் சில வாடிக்கையாளர்களுக்கு அனுப்பினேன். அவர்களில் ஒருவர் தனலட்சுமி. தேங்காய்த்திட்டு மீன்பிடித் துறைமுகத்துக்குப் பக்கத்தில் வலை, கயிறு கடை வைத்திருக்கிறார். பதினோரு வருடமாக ஃபோனிலேயே வியாபாரம், நேரில் பார்த்ததில்லை. வியாழக்கிழமை கூப்பிட்டார்.

"அண்ணே, கதை நல்லாருக்கு. அழுதுட்டேன். ஒண்ணு கேக்கறேன், கோச்சிக்காதீங்க. கடைசில தென்றல்னு ஒண்ணு அடிக்குதே, அது எந்தப் பக்கத்துக் காத்து?"

"இனிமையான காற்றும்மா."

"காத்துல இனிப்பு, காரம்லாம் இருக்கா? எங்கேருந்து எங்க அடிக்குதுன்னு கேக்கறேன்."

"கடல்லேருந்து கரைக்கு."

"அப்ப அந்த ஆளு சாவவே மாட்டான்ணே. அந்தக் காத்துல போட்டுல சும்மா ஒக்காந்திருந்தாலே தானா கரைக்கு வந்துடும்."

அன்று ராத்திரி சாப்பாடு இறங்கவில்லை. சரக்கில் குறை இருப்பது தெரிந்தும் லாரி ஏற்றினால் திரும்பி வரும் என்பது என் தொழில் கற்றுக்கொடுத்தது. புத்தகம் திரும்பி வராது. சேலத்தில் நாலு பேர் கையில் நின்று, 'கயிறு விக்கிறவனுக்கு எதுக்குய்யா கதை' என்று சொல்லிக்கொண்டிருக்கும். அதுதான் என் பயம், மறைக்க என்ன இருக்கிறது.

வெள்ளி காலை 5.10க்கு சேலம் பேருந்து நிலையம். ஆத்தூர், கள்ளக்குறிச்சி, விழுப்புரம் வழியாக இருநூறு கிலோமீட்டருக்குக் கொஞ்சம் மேல். டிக்கெட் 215 ரூபாய். 10.45க்குப் புதுச்சேரியில் இறங்கினேன். நேரடி பஸ் கிடைக்காதவர்கள் விழுப்புரத்தில் மாறிக்கொள்ளலாம், அங்கிருந்து ஒரு மணி நேரம். பேருந்து நிலையத்திலிருந்து தேங்காய்த்திட்டுக்கு ஆட்டோக்காரர் 250 கேட்டார்.

"மூணு கிலோமீட்டருக்கா?"

"சார், துறைமுகத்துக்கு டூரிஸ்ட் யாரும் போமாட்டாங்க. வரும்போது காலியா வரணும்ல? மீன் வாடை வேற ஒரு நாளைக்குப் போவாது."

"நான் டூரிஸ்ட் இல்லை, கயிறு வியாபாரி."

"அப்ப நூத்தம்பது குடுங்க. வியாபாரிகிட்ட பேசி ஜெயிக்க முடியாது."

தனலட்சுமி கடையில் என் கம்பெனி பச்சைக் கயிறு வாசலிலேயே தொங்கியது. ஐம்பதை ஒட்டிய வயது, கண்ணாடி, கையில் கத்தரிக்கோல்.

"இன்னாண்ணே, ஃபோன்ல சொன்னதுக்கு நேர்லயே வந்துட்டீங்க! பாக்கி கேட்டாகூட இவ்ளோ வேகமா வரமாட்டீங்க."

"பாக்கியை உங்கிட்ட எப்படியும் வாங்கிடலாம். புஸ்தகம் அடிச்சுட்டா மாத்த முடியாதும்மா."

அவர் வாசலுக்கு வரச் சொன்னார். தலைமுடியை மேற்கிலிருந்து வந்த சூடான காற்று கலைத்தது. சேலத்தில் இதற்குப் பெயரே இல்லை, வெறும் அனல் என்போம். "இதான் கச்சான். மேக்கேருந்து அடிக்கும், ஆனி ஆடில. எஞ்சின் நின்னா இதான் போட்ட கடலுக்கு உள்ள தள்ளிக்கினே போவும். மதியத்துக்கு மேல கடல்காத்து ஏறும், அது கரைக்கு. நீங்க ஆளக் கொல்றதுக்கு அதப் போய் புடிச்சிருக்கீங்க." மறுநாள் காலை அவர் தம்பி ஃபைபர் படகில் வலை போடப் போவதாகவும், நானும் கூடப் போகலாம் என்றும் சொன்னார். "பாத்துட்டு எழுதுங்க. பாக்காம எழுதினதுக்கே நான் அழுதேன்."

கடற்கரைச் சாலையிலிருந்து இரண்டு தெரு உள்ளே ஒரு அறை எடுத்தேன், 1,400 ரூபாய். விசிறி சத்தம் போட்டது. உட்கார முடியவில்லை. காற்றே இவ்வளவு தப்பென்றால் மற்றதெல்லாம்? மூட்டையில் ஒரு சாம்பிள் கெட்டிருந்தால் மூட்டை முழுவதையும் பிரித்துப் பார்க்க வேண்டும். நாவலை எடுத்து, கோடவுனில் இருப்பு எடுப்பதுபோல், இயற்கையை வைத்துச் சொன்ன உவமைகளுக்கெல்லாம் பென்சிலால் கோடு போட்டேன். அறுபத்தொன்று வந்தது. நிலா மட்டும் பதினான்கு. அவற்றில் நானே நேரில் அறிந்து எழுதியவை நாலு. அந்த நாலும் நனைந்த கயிறு காயும் வாசனை, கோடவுன் கூரையில் மழை என்று என் பிழைப்பைச் சேர்ந்தவை. மிச்சமெல்லாம் இரவல்.

நாலு மணிக்குப் பெரிய மார்க்கெட்டுக்கு நடந்தேன். என் கதாநாயகிக்கு 'மீன் விழி'. பொதுவாக எல்லாருடைய கதாநாயகிக்கும் அதுதான். மீன் பகுதியில் கடைசியாக உட்கார்ந்திருந்த ஒரு அம்மாவிடம், "மீன் மாதிரி கண்ணுன்னு சொல்றாங்களே, எந்த மீன்?" என்று கேட்டேன்.

"எந்த மீனா? எத்தினி நாளு மீனுன்னு கேளு. இந்தா பாரு, கண்ணு தூக்கலா, தெளிவா இருந்தா இன்னிக்கிப் புடிச்சது. உள்ள போயி வெளுத்துப்போச்சுன்னா மூணு நாளு ஐஸு. பொண்ணு பாக்க வந்தியா, மீனு வாங்க வந்தியா?"

பக்கத்துக் கடைக்காரம்மாக்கள் சிரித்த சிரிப்பில் அரைக் கிலோ சங்கரா வாங்கிவிட்டேன். சமைக்க இடமில்லை. தங்கியிருந்த விடுதியின் சமையல்காரரிடம் கொடுத்தேன், இரவு வறுத்துக் கொடுத்தார். கண் தெளிவாகத்தான் இருந்தது.

ஐந்தரைக்குக் கடற்கரைச் சாலை. (மாலை ஆறு முதல் மறுநாள் காலை ஏழரை வரை வண்டிகள் விடமாட்டார்கள், நடக்க அதுதான் நல்ல நேரம்.) என் மூன்றாம் அத்தியாயத்தில் நாயகி இந்தச் சாலை ஓரம் ஈர மணலில் கணவன் பெயரை எழுதுகிறாள், அலை வந்து அழிக்கிறது. அங்கே பெரும்பகுதிக்கு இருப்பது கருங்கல். ஆள் உயரப் பாறைகளைக் கொட்டி வைத்திருக்கிறார்கள், அதில் மோதித் தண்ணீர் தெறிக்கிறது. ஒரு பக்கம் கொஞ்சம் மணல் உண்டு, அங்கே பெயர் எழுத இடமில்லாத கூட்டம். சாலையின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு மூன்று தடவை நடந்தேன். ஐஸ்கிரீம் சாப்பிடுகிறவர்கள் நடுவில் கணக்கு வாத்தியாரிடம் மாட்டிய பையன்போல் சுற்றினேன். அச்சகத்துக்காரர் ஃபோன் செய்தார்: "அண்ணா, திங்கள் பத்து மணி, மறந்துடாதீங்க. அட்டைல நிலா சூப்பரா வந்திருக்கு." நிலாவைப் பற்றிய பேச்சே அப்போது எனக்குப் பிடிக்கவில்லை.

சனி காலை 5.45. தனலட்சுமியின் தம்பி லைஃப் ஜாக்கெட்டை என் கழுத்தில் மாட்டிவிட்டுத்தான் பேசவே ஆரம்பித்தார். அவர் பெயரை இங்கே எழுதவில்லை. காரணம் கடைசியில் தெரியும். முகத்துவாரம் தாண்டும்போது படகு ஏறி இறங்கியதில் காலை குடித்த டீ வெளியே வந்தது. அரை மணி ஓடி வலையை இறக்கினார். பிறகு நான் கேட்டபடி பத்து நிமிடம் எஞ்சினை நிறுத்தினார்.

நான் எழுதிய கடல் சீறும், குமுறும், அழும், நாக்கை நீட்டும். இது எதுவும் செய்யவில்லை. தண்ணீர் எண்ணெய் தடவியதுபோல் கிடந்தது. முதுகுப் பக்கம் கச்சான் ஒரே சீராக வந்துகொண்டிருந்தது. படகு நகர்வதே தெரியவில்லை. கலங்கரை விளக்கத்தைப் பார்த்தேன். கொஞ்சம் கழித்துத் திரும்பப் பார்த்தேன், சிறிதாகியிருந்தது. மறுபடி பார்த்தபோது இன்னும் சிறிது. படகின் விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டேன். இன்னொன்றும் கவனித்தேன். அந்தக் காற்றில் ஊர் வாசனை அடித்தது. யாரோ குப்பை எரிக்கும் புகை, புழுதி, எங்கோ வெங்காயம் வதங்கும் வாசனை. வீட்டைவிட்டுத் தள்ளிக்கொண்டு போகிற காற்று, வீட்டு வாசனையையும் கூடவே கொண்டு வருகிறது. எந்தக் கவிதையிலும் எனக்கு இது கிடைக்கவில்லை.

"எங்கக்கா சொல்லலியா?" என்றார் தம்பி. "நாலு வருசம் முன்ன இதே இடத்துல எஞ்சின் போச்சு. ஃபோன்ல சார்ஜ் இல்ல. அன்னிக்கின்னு பாத்து கடல்காத்தே ஏறல, கச்சான் ஒரு பகலு, ஒரு ராத்திரி தள்ளிச்சு. நூறு பாகம், அறுநூறு அடிக்கு மேல ஆழம், நங்கூரக் கயிறு எட்டல."

"கடல் எப்படி இருந்தது? அழுதது மாதிரி..."

"கடலு ஏன் சார் அழுவுது? நான்தான் அழுதேன்."

மறுநாள் மதியத்துக்கு மேல் கடல்காற்று ஏறியிருக்கிறது. தார்ப்பாயைத் துடுப்பில் கட்டிப் பாயாகப் பிடித்து, வடக்கே கூனிமேடு பக்கம் கரை ஒதுங்கியிருக்கிறார். என் நாவலில் ஆளைக் கொன்ற அதே காற்றுதான் இவரைக் கொண்டுவந்து சேர்த்தது. தனலட்சுமி ஏன் அழுதார், ஏன் உடனே ஃபோன் செய்தார் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

எட்டரைக்குக் கரை. டீசல் செலவுக்கு 500 கொடுத்தேன், முந்நூறு போதும் என்று மிச்சத்தைத் திருப்பினார். மதியம் கடையில் தனலட்சுமி வீட்டுச் சாப்பாடு. சாப்பிடும்போதே வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். 1.50க்கு, அதுவரை கிழக்கே சாய்ந்திருந்த, சாம்பிளுக்காகத் தொங்கவிட்ட கயிற்றுத் துண்டுகள் தொய்ந்து நேராக நின்றன. இரண்டு நிமிடம் அப்படியே. பிறகு எல்லாம் ஒன்றாக மேற்கே திரும்பின. வேர்வை சட்டென்று ஆறியது. இவ்வளவு வருடம் கயிறு விற்றும், கயிறு காற்றைக் காட்டும் என்று எனக்குத் தெரியாது.

"வந்துடுச்சு பாருங்க உங்க தென்றலு" என்றார் அவர்.

நான் நேராகக் கேட்டேன். தம்பிக்கு நடந்ததை நாவலில் சேர்க்க வேண்டும், கச்சான் வேண்டும், அந்த ஊர் வாசனை வேண்டும். அவர் கத்தரிக்கோலை மேசையில் வைத்தார்.

"சும்மாவா கேக்கறீங்க?"

"நீயே சொல்லு."

"காத்த மாத்திட்டு ஆளக் கொல்லுவீங்க, அப்பிடித்தானே? கச்சான் அடிச்சா சரியா செத்துடுவான்."

உண்மையில் அப்படித்தான் திட்டம் போட்டிருந்தேன். காற்றைத் திருத்தினால் சாவும் சரியாகிவிடும், ஒரே நாளில் வேலை முடியும். அவருக்கு அது பட்டென்று பிடிபட்டுவிட்டது. "அண்ணே, அந்த ஒரு ராத்திரி எங்கம்மா சங்கு ஊதற மாதிரி அழுதுச்சு. பக்கத்து வீட்டுக்காரங்க சாவுப் பந்தலுக்குச் சொல்லலாமான்னு கேட்டாங்க. கதைல ஒரு தடவ அவன் செத்துட்டான்னா, ஊர்ல படிக்கறவங்கல்லாம் எங்க வீட்டத்தான் பாப்பாங்க." அதன் பிறகு நிபந்தனைகளைச் சொன்னார். விலையில் மட்டும் கொஞ்சம் இழுத்துப் பார்த்தேன். மற்றதில் பேரம் பேச வாய் வரவில்லை.

அங்கிருந்தே அச்சகத்துக்காரரைக் கூப்பிட்டேன். கடைசி இரண்டு அத்தியாயம் மாறும், அட்டையில் நிலா வேண்டாம். "அண்ணா, இந்தத் தேதி போனா ஒன்றரை மாசம் ஆகும்" என்றார். ஆகட்டும் என்றேன். மாலை 4.15 பஸ்ஸில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து, விழுப்புரம் வரை நிலாக்களை அடித்துக்கொண்டே வந்தேன். இரண்டை மட்டும் விட்டுவைத்தேன்.

போகிறவர்களுக்குச் சில விஷயம். துறைமுகத்துக்குக் காலை ஆறுக்குள் போனால் ஏலம் பார்க்கலாம், வெள்ளைச் சட்டை வேண்டாம். தெரிந்தவர் இல்லாமலும் லைஃப் ஜாக்கெட் இல்லாமலும் படகில் ஏறாதீர்கள், வெறும் வயிற்றிலும் ஏறாதீர்கள். ஜூனில் காலை அனலுக்கு பயந்து அறையிலேயே கிடக்காமல், இரண்டு மணியை ஒட்டிக் கடற்கரையில் நில்லுங்கள், காற்று திரும்புவது உடம்பில் தெரியும். என் மொத்தச் செலவு, மீனையும் சேர்த்து, 3,200 ரூபாய்க்குள். எழுதுகிறவர்களுக்கு ஒன்று: 'தென்றல்' என்று எழுதுமுன் வாசலில் நின்று அது எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று பாருங்கள். பெயரிலேயே தெற்கு இருக்கிறது. எனக்கு அது ஐம்பத்திரண்டு வயதில்தான் உறைத்தது.

தனலட்சுமியிடம் பேசி முடித்தது இது: அடுத்த வருடம் மீன்பிடித் தடைக்காலம் முடியும்வரை அவர் கடைக்குப் போகும் கயிறு கிலோவுக்கு எட்டு ரூபாய் குறைவு. (அவர் பன்னிரண்டு கேட்டார்.) புத்தகம் வந்ததும் பத்துப் பிரதி இலவசம். தம்பியின் பெயர் எங்கேயும் வரக்கூடாது. நாவலில் அந்த ஆள், மறுநாள் மதியத்துக்கு மேல், கடல்காற்றில் உயிரோடு கரை சேர வேண்டும்.