ஏழு பாக ஆழத்தில் ஒரு பிரெஞ்சுப் போர்க்கப்பல்

ஐந்து வருடமாக ஒரே கப்பலைப் பற்றி எழுதிக்கொண்டிருக்கிறேன். பதினெட்டாம் நூற்றாண்டின் பிரெஞ்சுப் பாய்மரப் போர்க்கப்பல், அறுபத்து நான்கு பீரங்கிகள். (பெயர் புத்தகத்தில்தான், பொறுத்துக்கொள்ளுங்கள்.) ஆப்பிரிக்காவைச் சுற்றி வந்து, மொரிஷியஸில் பாய்மரம் மாற்றி, நம் கரையோரம் ஆங்கிலேயர்களோடு மோதி, ஊர் திரும்பி உடைபட்ட கப்பல். அதில் காரைக்கால் அத்தியாயம்தான் தொண்டையில் முள். அரசலாற்று முகத்துவாரத்துக்கு நேர் கிழக்கே, ஏழு 'பிராஸ்' (பிரெஞ்சு மாலுமிகளின் ஆழ அளவு) ஆழத்தில், சேற்றில் நங்கூரம் போட்டதாகக் கப்பல் குறிப்பேடு சொல்கிறது. கடல் வரைபடத்தில் நான் கணக்கிட்ட இடத்திலோ தரை மணல். நிரூபிக்காவிட்டால் அத்தியாயத்தையே எடுத்துவிடலாம் என்றார் பதிப்பாசிரியர். வந்த கோபத்தில் போன பிப்ரவரியில் கிளம்பிவிட்டேன்.

புதுச்சேரியிலிருந்து காலை ஐந்து மணிப் பேருந்து. சுமார் 130 கிலோமீட்டர், ஒன்பதே காலுக்குக் காரைக்கால். அங்கிருந்து பட்டினச்சேரிக்கு ஆட்டோ 250 ரூபாய். நண்பர் மூலம் பேசிவைத்திருந்த மீனவர் செந்தில் ஃபைபர் படகோடு காத்திருந்தார். டீசலோடு 3,000 ரூபாய்.

என் பையில் துணி சோப்பைப் பார்த்ததும் சிரித்தார். "கடலக் குளிப்பாட்டப் போறீங்களா சார்?"

அந்தக் கால மாலுமிகள் ஈயக்குண்டின் அடியில் கொழுப்பைத் தடவி இறக்குவார்கள். தரையில் இருப்பது அதில் ஒட்டிக்கொண்டு வரும். எனக்குக் கொழுப்புக்குப் பதில் சோப்பு.

கைபேசி காட்டிய இடத்தில் செந்தில் சோப்பு அப்பிய ஈயக்குண்டைக் கயிற்றில் கட்டி இறக்கினார். சோப்பில் ஒட்டி ஏறியது மணல்தான். எனக்கு முகம் செத்துப்போனது. அவரோ கயிற்றை இழுத்து, இரண்டு கைகளையும் விரித்து மார்புக்குக் குறுக்கே அளந்தார். "எட்டுப் பாகம் சார். நீங்க ஏழுன்னுதானே சொன்னீங்க?"

அப்போதுதான் உறைத்தது. பிராஸும் விரித்த கைகளின் அளவுதான், ஏறக்குறைய 1.62 மீட்டர். நான் பழக்கதோஷத்தில் அதை ஆங்கிலேயரின் 'ஃபாதம்', அதாவது 1.83 மீட்டர் என்று கணக்கிட்டிருந்தேன். பிரெஞ்சுக் கப்பலுக்கு எதிரியின் அளவுகோல்! ஐந்து வருடம் படித்த லட்சணம்.

"ஏழு பாகம், சேறுன்னா எறா வலை விடுற எடம். இன்னும் கரைப்பக்கம் போவணும், வாங்க" என்று நேர் மேற்கே படகைத் திருப்பினார். மறுபடி குண்டு இறங்கியது. சரியாக ஏழு பாகம். சோப்பு முழுக்கக் கருஞ்சேறு அப்பியிருந்தது. நான் போட்ட கூச்சலில் பக்கத்துப் படகுக்காரர்கள் எழுந்து பார்த்தார்கள்.

"நங்கூரம் சேத்துலதான் சார் நல்லாக் கடிக்கும். உங்க கப்பக்காரனுக்கு வெவரம் இருந்துருக்கு" என்றார் செந்தில், ஏதோ சக தொழிலாளியைப் பாராட்டுவதுபோல.

போக நினைப்பவர்களுக்கு: பிப்ரவரி, மார்ச்சில் கடல் அமைதி. ஆதார் அட்டை, உயிர்காப்புச் சட்டை கட்டாயம். காலையிலேயே போங்கள், பதினொன்றுக்கு மேல் காற்று ஏறிவிடுகிறது. ஆழத்தை மீட்டரில் கேட்காதீர்கள், பாகத்தில் கேளுங்கள்.

கரை ஏறியதும் சேற்றின் படத்தைப் பதிப்பாசிரியருக்கு அனுப்பினேன். காரைக்கால் பேருந்து நிலையத்தில் டீ குடிக்கும்போது பதில் வந்தது: அத்தியாயம் இருக்கட்டும், அடிக்குறிப்பில் யாரை ஆதாரமாகப் போடுவது?

நான் யோசிக்கவே இல்லை. "செந்தில், பட்டினச்சேரி. தன் இரு கைகளால் அளந்தது" என்று அடித்து அனுப்பினேன்.